ஓர் இரவில் யானைக்கு என்ன தொண்டு செய்ய முடியும்?

வேலூர் சத்துவாச்சாரியிலிருந்து நீங்கள் கேட்டிருப்பதன் சாரம் இது: சனி, ஞாயிறு இரண்டு நாள்தான் விடுப்பு, மனைவியும் ஏழாம் வகுப்பில் படிக்கும் மகளும் உடன் வருவார்கள், யானைகள் இருக்கும் இடத்தில் ஓர் இரவு தங்கி, அவற்றைக் குளிப்பாட்டி, உணவு ஊட்டி, கையால் ஏதாவது தொண்டு செய்துவிட்டுத் திரும்ப வேண்டும், இதற்கு முதுமலையின் தெப்பக்காடு யானை முகாமுக்குப் போவதா, கர்நாடகத்தின் துபாரே முகாமுக்குப் போவதா, அல்லது பணம் சேர்த்துத் தாய்லாந்துக்கே போய்விடுவதா? அத்துடன், ஒரே ஓர் இரவு வந்துபோகிறவரால் யானைக்கு உண்மையில் பயன் உண்டா என்றும் கேட்டிருக்கிறீர்கள். இந்தக் கடைசிக் கேள்வியைத்தான் நான் முதலில் எடுத்துக்கொள்கிறேன். அதற்கு விடை தெரிந்துவிட்டால் எங்கே போவது என்பது பாதி தானே தீர்ந்துவிடும்.

பயன் உண்டு. ஆனால் நீங்கள் மனத்தில் வைத்திருக்கும் வேலையால் அல்ல. குளிப்பாட்டுவதும் தும்பிக்கையைத் தடவுவதும் உங்களுக்குக் கிடைக்கும் மகிழ்ச்சி. யானைக்கு அதனால் ஆவது ஒன்றுமில்லை. தண்ணீரும் மண்ணும் கிடைத்தால் யானை தன்னைத் தானே நன்றாகக் குளிப்பாட்டிக்கொள்ளும். அதன் பாகனுக்கு நாள்தோறும் முதுகு ஒடியும் வேலைகள் இரண்டு உண்டு. ஒன்று தீனி சேர்ப்பது, மற்றொன்று லத்தி, அதாவது யானைச் சாணம், அள்ளுவது. வளர்ந்த யானை ஒன்று நாளொன்றுக்கு ஏறத்தாழ 150 முதல் 200 கிலோ வரை பசுந்தீனி தின்னும். நூறு லிட்டருக்கு மேல் தண்ணீர் குடிக்கும். தின்றதில் பாதிக்கும் குறைவாகவே அதன் வயிறு செரிக்கிறது, மீதி வெளியே வந்துவிடுகிறது. ஆகவே உள்ளே போவதற்கும் வெளியே வருவதற்கும் ஆள் வேண்டும். ஐந்து யானை இருக்கும் இடத்தில் ஒரு டன் தழையை வெட்டி, சுமந்து, பிரித்துப் போட வேண்டும் என்றால் கணக்குப் பார்த்துக்கொள்ளுங்கள். இதில் உங்கள் குடும்பம் ஒரு நாள் செய்யும் உதவி யானைப் பசிக்குச் சோளப்பொரிதான் என்றாலும், அந்த ஒரு நாள் பாகன் சற்று உட்கார்ந்து யானையின் பாதத்தை நிதானமாகப் பார்க்க முடியும். கட்டிவைத்து வளர்க்கும் யானைகளைப் பெரும்பாலும் வீழ்த்துவது பாத நோயும் மூட்டு நோயும்தான். கான்கிரீட் தரையில், தன் கழிவின் ஈரத்திலேயே நின்று நகக்கண் அழுகிப்போகும். லத்தி அள்ளுவது என்பதன் பொருள் அந்தப் பாதத்துக்கு உலர்ந்த தரை கொடுப்பது.

நான் யானை மருத்துவன் அல்லன் என்பதை முன்பே சொல்லிவிட வேண்டும். குடியாத்தம், பேரணாம்பட்டு வட்டாரத்தில் கால்நடை மருத்துவனாக இருந்தவன். ஆடும் மாடும் கோழியும்தான் என் பிழைப்பு. ஆந்திர எல்லைக் காட்டிலிருந்து இறங்கும் யானைகளால் அந்த வேலையில் யானையும் வந்து சேர்ந்தது, அதுவும் பெரும்பாலும் பிணக்கூறு ஆய்வுக்காக. அந்தக் கசப்பினால்தான், ஓய்வு பெற்ற பிறகு உயிரோடு இருக்கும் யானையை ஓர் இரவு முழுக்கப் பார்க்க வேண்டும் என்று தோன்றி, கர்நாடகத்தில் உள்ள ஒரு தனியார் பராமரிப்பு இடத்துக்கு, நீங்கள் இப்போது நினைப்பதைப் போலவே, ஒரு சனிக்கிழமை போனேன். அங்கே மூன்று யானைகள். மூன்றும் முதிய பிடிகள், அதாவது பெண் யானைகள், ஒரு காலத்தில் மரம் இழுத்தவை.

முதல் ஒரு மணி நேரத்திலேயே தவறு செய்தேன். தீனிக் கொட்டகையில் வெல்லம் உடைத்துக்கொண்டிருந்தபோது, மூங்கில் தடுப்புக்கு அப்பாலிருந்து ஒரு தும்பிக்கை நீண்டு என் முழங்கையை முகர்ந்தது. உருகிப்போய் ஒரு கட்டியை அதன் நுனியில் வைத்துவிட்டேன். மருத்துவம் படித்தவன் செய்யக்கூடாத காரியம். பாகன் ஓடிவந்து, “ஐயா, இதுக்கு ரெண்டு நாளா வயிறு போகலை, நீங்க பாட்டுக்கு இனிப்பைக் கொடுத்துட்டீங்களே” என்றார். யானைக்கு மலச்சிக்கல் உயிர்போகும் நோய். ஓலையின் நார் குடலில் அடைத்துக்கொள்வதைக் கேரளத்துப் பாகன்கள் ‘எரண்டக்கெட்டு’ என்பார்கள். தீனியை நிறுத்தி நாள்கணக்கில் காத்திருக்க வேண்டிவரும். அந்த ஒரு கட்டியால் எதுவும் ஆகிவிடவில்லை. ஆனால் அதன் பிறகு என்னைத் தீனிப் பக்கம் விடவில்லை. கையில் கூடையையும் மண்வெட்டியையும் கொடுத்துவிட்டார்கள்.

அதுவே நல்லதாகப் போயிற்று. யானையைப் பற்றி அதன் முகத்தைவிட லத்தி அதிகம் சொல்லும். உருண்டை உருண்டையாக விழுவதை ஒவ்வொன்றாக உடைத்துப் பார்க்கச் சொன்னார் பாகன். நல்ல பல் உள்ள யானையின் லத்தியில் நார் விரல்நீளத்துக்குள் நறுங்கியிருக்கும். அன்று அள்ளியவற்றில் ஒரு யானையுடையதில் மட்டும் முழம் நீளத்துக்குப் புல் அப்படியே மடிந்து கிடந்தது. யானைக்கு வாழ்நாளில் ஆறு முறைதான் கடைவாய்ப்பல் மாறும். பின்னாலிருந்து புதியது தள்ளிக்கொண்டு வரவர முன்னது தேய்ந்து உதிரும். ஆறாவது தேய்ந்துவிட்டால் அடுத்தது இல்லை. அறுபதை நெருங்கும் யானைகள் பல, நோயால் அல்ல, மெல்ல முடியாமல் மெலிந்தே சாகின்றன. அந்த நீண்ட நாரைப் பார்த்துத்தான் அன்று மாலையிலிருந்து அந்தப் பிடிக்குத் தழையைச் சிறிதாக நறுக்கிப் போட முடிவு செய்தார்கள். நறுக்கியவர்களில் நானும் ஒருவன். உடல் வெப்பம் பார்ப்பதும் இப்படித்தான்: அப்போதே விழுந்த உருண்டையின் நடுவில் வெப்பமானியைச் செருகினால் போதும், யானையைத் தொடவே வேண்டாம். எவ்வளவு எளிது என்று வியந்தேன். முப்பது ஆண்டு மாட்டின் வாலைத் தூக்கியே காலம் கழித்தவன் நான்.

இரவு இன்னொரு பாடம். இரண்டு மணி சுமாருக்குப் பாகன் என்னை எழுப்பி, பேசாமல் வரச் சொன்னார். மூன்றில் ஒன்று, அதற்கென்று குவித்திருந்த மணல்மேட்டில் சாய்ந்து படுத்திருந்தது. மூட்டு பழுதான யானை தரையோடு தரையாகப் படுத்தால் எழ முடியாமல் போகலாம் என்பதற்காகத்தான் அந்த மேடு. தும்பிக்கை நுனியை உள்பக்கமாகச் சுருட்டிக்கொண்டு, மனிதரைப் போலவே குறட்டை. மற்ற இரண்டும் நின்றபடி காதை அசைத்துக்கொண்டிருந்தன. “இந்தக் காது அடிக்கிற சத்தம் கேட்டுக்கிட்டே இருந்தா நான் தூங்குவேன், நின்னா முழிப்பு வந்துடும்” என்றார் அவர். நலமான யானை காதையும் வாலையும் ஓயாமல் அசைத்துக்கொண்டே இருக்கும். அசைவு நின்றால் உறக்கம், இல்லையேல் நோய். போட்ஸ்வானா காட்டில் இரண்டு பெண் யானைகளின் தும்பிக்கையில் கருவி பொருத்திக் கணக்கிட்ட ஆய்வு ஒன்று 2017இல் வெளிவந்தது. அவை நாளொன்றுக்குச் சராசரியாக இரண்டு மணி நேரமே உறங்கின. அந்த அற்ப உறக்கத்தின் நடுவே விருந்தாளிகளுக்கு விளக்குப் போட்டுக் காட்டும் இடம் எதுவானாலும் அங்கே தங்காதீர்கள்.

இனி, தொடுவது பற்றி. உங்கள் மகள் மிகவும் ஆசைப்படுவது அதுதான் என்பது தெரிகிறது. முன்பின் தெரியாத ஐம்பது பேர் நாள்தோறும் தேய்த்துக் குளிப்பாட்ட அசையாமல் படுத்துக் கொடுக்கும் யானை, அதை விரும்பிச் செய்யவில்லை. அசைந்தால் என்ன கிடைக்கும் என்று சிறு வயதில் அதற்குக் கற்பித்திருக்கிறார்கள். அந்தப் பயிற்சி எந்த நேரமும் அறுந்துபோகலாம். 2025 ஜனவரியில் தாய்லாந்தின் யாவ் யாய் தீவில் யானையைக் குளிப்பாட்டிக்கொண்டிருந்த 22 வயது ஸ்பெயின் நாட்டு மாணவி ஒருவர் யானை தாக்கி இறந்தார். அவ்வளவு தூரம் போக வேண்டாம். 2024 நவம்பரில் திருச்செந்தூர்க் கோயில் யானை தன் பாகனையும் அவருடைய உறவினரையும் கொன்றது. நாள்தோறும் உடனிருந்து பழகிய பாகனுக்கே அந்தக் கதி என்றால், சனிக்கிழமை வந்து ஞாயிற்றுக்கிழமை போகிறவருக்கு யானையோடு என்ன உறவு இருக்க முடியும்? நோயும் ஒரு காரணம். மனிதருக்கு வரும் காசநோய்க் கிருமியே யானைக்கும் தொற்றும். இருமல்காரர் ஒருவர் போதும். 2021 ஜூனில் வண்டலூர்ப் பூங்காவில் சிங்கங்கள் கொரோனாவால் இறந்தபோது, தெப்பக்காட்டு யானைகள் 28க்கும் மாதிரி எடுத்துப் பரிசோதிக்க அனுப்பினார்கள். ஆகவே ஓர் இடம் நல்ல இடமா என்று அறிய நான் வைத்திருக்கும் அளவுகோல் ஒன்றுதான்: அது உங்களை யானையிடமிருந்து எவ்வளவு தூரத்தில் நிறுத்துகிறது என்று பாருங்கள். ‘வாருங்கள், கட்டிப்பிடித்துப் படம் எடுத்துக்கொள்ளுங்கள்’ என்று அழைக்கும் இடம், மீட்பகம், அடைக்கலம், சரணாலயம் என்று எந்தப் பெயரை வாசலில் எழுதி வைத்திருந்தாலும், வியாபாரமே.

இந்த அளவுகோலை வைத்து நீங்கள் சொன்ன மூன்று இடங்களையும் பார்ப்போம்.

தெப்பக்காடு முதுமலைப் புலிகள் காப்பகத்துக்குள், மோயாற்றின் கரையில் இருக்கும் அரசு முகாம். காட்டு யானைகளைப் பிடிக்கவும் விரட்டவும் பழக்கிய கும்கிகளும், தாயைப் பிரிந்த குட்டிகளும், ஊருக்குள் இறங்கியதால் பிடிக்கப்பட்டவையும் அங்கே உண்டு. பெட்டக் குறும்பர், காட்டுநாயக்கர் முதலான பழங்குடி மக்கள்தாம் பாகன்களாகவும், காவடி எனப்படும் துணைப் பாகன்களாகவும் இருக்கிறார்கள். காலையும் மாலையும் கவளம் கொடுக்கும் நேரத்தில் பொதுமக்கள் தடுப்புக்கு வெளியே நின்று பார்க்கலாம். ராகிக் களி, வேகவைத்த கொள்ளு, சோறு, வெல்லம், தாது உப்பு எல்லாம் பிசைந்து, யானைக்கு யானை வேறுபட்ட அளவில், மருத்துவர் எழுதிவைத்த பட்டியலைப் பார்த்து உருட்டி வாயில் வைப்பார்கள். நீங்கள் ஊட்ட முடியாது, தொட முடியாது, முகாமில் தொண்டராகத் தங்கவும் முடியாது. சிலர் இதைக் குறையாகச் சொல்வார்கள். என் அளவுகோலின்படி இதுவே அதன் சிறப்பு. காட்பாடியில் வெள்ளி இரவு நீலகிரி எக்ஸ்பிரஸ் ஏறினால் காலையில் மேட்டுப்பாளையம். அங்கிருந்து உதகை, கூடலூர் வழியாகப் பேருந்து. சொந்த வண்டியில் போவதானால் நீலகிரிக்கு 2024 மே மாதம் முதல் இ-பாஸ் வேண்டும். மைசூரு வழியாகத் திரும்ப நினைத்தால் பந்திப்பூர்க் காட்டுச் சாலை இரவு 9 மணி முதல் காலை 6 மணி வரை மூடப்பட்டிருக்கும் என்பதை மறக்க வேண்டாம்.

தங்குமிடத்தில் கொஞ்சம் கவனம் தேவை. மசினகுடி, சீகூர்ப் பகுதியில் யானை வழித்தடத்தின் மேலேயே எழும்பிய விடுதிகள் ஏராளம். வழித்தடத்தை மீட்க வேண்டும் என்பதை உச்ச நீதிமன்றம் 2020 அக்டோபரில் உறுதி செய்தது. அடுத்த ஜனவரியிலேயே அந்தப் பகுதியில் ஒரு விடுதிப் பக்கம் வந்த யானையின் மேல் தீப்பற்றிய டயரை எறிந்து, அது தீயோடு ஓடியதை நாடே பார்த்தது. அந்த யானை பிறகு இறந்துபோனது. ‘வராந்தாவிலிருந்தே யானை பார்க்கலாம்’ என்று விளம்பரம் செய்யும் விடுதி எங்கே கட்டப்பட்டிருக்கும் என்பதை ஊகித்துக்கொள்ளலாம். வனத்துறையின் விடுதி கிடைத்தால் அதை எடுங்கள். இல்லாவிட்டால் கூடலூர் ஊருக்குள் தங்கிக் காலைப் பேருந்தில் போங்கள்.

துபாரே குடகில், குசால்நகருக்கு அருகில், காவிரியின் அக்கரையில் உள்ள முகாம். மைசூரு தசரா ஊர்வலத்துக்கு யானைகள் அனுப்பும் முகாம்களில் அதுவும் ஒன்று. காட்பாடியில் காவேரி எக்ஸ்பிரஸ் ஏறினால் விடியலில் மைசூரு என்பதால் உங்களுக்குப் பயணம் எளிது. பயணிகள் பணம் கட்டி ஆற்றில் யானையைத் தேய்த்துக் குளிப்பாட்டுவது பல ஆண்டுகளாக அங்கே பெயர்பெற்ற நிகழ்ச்சி; ஏன் அதை நான் பரிந்துரைக்கவில்லை என்பதை மேலே சொல்லிவிட்டேன்.

தாய்லாந்தின் கதை வேறு. அங்கே 1989இல் காட்டு மரம் வெட்டுவதற்குத் தடை வந்ததும், மரம் இழுத்துக்கொண்டிருந்த யானைகளும் பாகன்களும் ஒரே நாளில் வேலையற்றுப் போனார்கள். சுற்றுலா அவர்களை விழுங்கியது. சவாரியும் வித்தையும் பெருகிய அந்தச் சூழலில்தான் சியாங் மாய்க்கு வடக்கே, லெக் சைலர்ட் என்ற அம்மையார் எலிபன்ட் நேச்சர் பார்க் என்னும் புகலிடத்தைத் தொடங்கினார். கண்ணிவெடியில் கால் போனவை, கண் போனவை என்று நூற்றுக்கும் மேற்பட்ட யானைகள் அங்கே இருக்கின்றன. ஒரு நாள், ஓர் இரவு, ஒரு வாரம் என்று வருகிறவர்களை வகைப்படுத்தி, வார விருந்தினருக்குப் புல் அறுப்பு, லத்தி அள்ளுதல், பூசணி கழுவுதல் என்று வேலை பிரித்துக் கொடுக்கும் முறையை உலகறியச் செய்ததில் அவ்விடத்துக்குப் பெரும் பங்கு உண்டு. 2024 அக்டோபர் வெள்ளத்தில் அந்தப் பள்ளத்தாக்கே மூழ்கி யானைகளும் இறந்தன. பணமும் ஒரு வாரமும் இருந்தால் போகத் தக்க இடம். இரண்டு நாளுக்காக விமானம் ஏறுவது, என்னைக் கேட்டால், வீண். அங்கே ஓர் இரவு விருந்தினர் பார்வையாளர்தானே தவிர வேலையாள் அல்லர். நம் நாட்டிலேயே உத்தரப் பிரதேசத்து மதுரா அருகில் 2010 முதல் நடக்கும் வைல்ட்லைஃப் எஸ்.ஓ.எஸ். அமைப்பின் யானைப் பராமரிப்பு மையம் தன்னார்வலர்களை ஏற்கிறது. அதற்கும் சில நாள்கள் ஒதுக்க வேண்டும்.

ஒன்று கேட்கிறேன்: யானைக்குத் தொண்டு செய்ய வேலூரிலிருந்து எதற்கு இவ்வளவு தூரம் போக வேண்டும்? அமிர்தி பூங்காவில் யானை இல்லை, கோயில் யானை ருக்கு 2018 மார்ச்சில் இறந்ததிலிருந்து திருவண்ணாமலைக் கோயிலிலும் பழைய காட்சி இல்லை என்பதால் நம் பக்கம் யானையே கிடையாது என்று பலர் நினைக்கிறார்கள். குடியாத்தத்துக்கு மேற்கே மோர்தானா அணையில் நின்று எதிரே பார்த்தால் தெரிவது ஆந்திரத்தின் கௌண்டின்யா சரணாலயக் காடு. ஓசூர், தருமபுரி காடுகளிலிருந்து 1980களில் வறட்சியாலும் காடழிப்பாலும் கிளம்பிய யானைகள், நெடுங்காலம் யானையே இல்லாதிருந்த சித்தூர் மலைகளுக்கு வந்து சேர்ந்தன; அவற்றுக்காகவே 1990இல் அந்தச் சரணாலயம் அறிவிக்கப்பட்டது. மாநில எல்லைக்கல் யானைக்குத் தெரியாது. மாம்பழக் காலத்தில் பேரணாம்பட்டு, குடியாத்தம் தோப்புகளுக்கும், நெல்லும் வாழையும் முற்றும்போது வயல்களுக்கும் இறங்கும். வழிதவறித் தெற்கே போனவையும் உண்டு: பழைய வட ஆர்க்காட்டின் தென்கோடியிலும் விழுப்புரம் பக்கமும் சுற்றிய ஆறு யானைகளை 2013இல் ‘ஆபரேஷன் மலை’ என்ற பெயரில் மயக்க ஊசி போட்டுப் பிடித்து முகாம்களுக்குக் கொண்டுசென்றார்கள்.

நான் அறுத்துப் பார்த்த யானைகளுள் ஒன்றின் தும்பிக்கையில், நுனியிலிருந்து ஒரு சாண் மேலே, கம்பி பட்ட இடத்தில் தோல் கருகி வெடித்திருந்தது; வேறு காயம் எதுவுமில்லை. வாயில் பாதி மென்ற கரும்பு. பன்றிக்கு வைத்த கள்ள மின்கம்பி. 2023 மார்ச்சில் தருமபுரி மாவட்டம் மாரண்டஹள்ளி அருகே மூன்று யானைகள் ஒரே நேரத்தில் இறந்ததும் இதே போன்ற கம்பியால்தான். கம்பி கட்டியவன் கொடியவன் என்று சொல்லிவிட என்னால் முடியாது. ஓர் இரவில் ஓராண்டு உழைப்பை இழந்தவனை நேரில் பார்த்திருக்கிறேன். இழப்பீட்டு மனுவோடு ஓர் அலுவலக வாசலில் அவன் எத்தனை முறை நின்றான் என்பதையும் பார்த்திருக்கிறேன். மனு எழுதத் தெரிந்த ஒருவர், சேதத்தைப் படம் பிடித்து, பட்டா நகலோடு சேர்த்து, உரிய இடத்தில் கொடுத்து ஒப்புகை வாங்கித் தருவாரானால், அது யானைக்குச் செய்த தொண்டுதான். உங்களுக்கு எழுதத் தெரியும். உங்கள் ஊரிலிருந்து குடியாத்தம், பேரணாம்பட்டுப் பக்கம் போக ஒன்றரை மணி நேரம் போதும்.

இதற்கு மேலும் காட்டுக்குள்ளேயே ஏதாவது செய்ய விரும்பினால் மே மாதத்துக்குக் காத்திருங்கள். தென்மாநிலங்கள் ஒருங்கிணைந்து யானைக் கணக்கெடுப்பு நடத்துகின்றன. 2023, 2024, 2025 மூன்று ஆண்டும் மே மாதத்தில்தான் நடந்தது. தமிழ்நாட்டில் 2024 கணக்குப்படி 3,063 யானைகள். மூன்று நாள் வேலை: முதல் நாள் காட்டைப் பகுதிகளாகப் பிரித்து நேரில் பார்த்து எண்ணுவது, இரண்டாம் நாள் நேர்கோட்டில் நடந்து லத்திக் குவியல்களை எண்ணுவது, மூன்றாம் நாள் நீர்நிலையோரம் காத்திருந்து வயதும் பாலினமும் குறிப்பது. வனப் பணியாளர்களோடு தன்னார்வலர்களும் சேர்த்துக்கொள்ளப்படுகிறார்கள். ஏப்ரலிலேயே மாவட்ட வன அலுவலருக்கு ஒரு விண்ணப்பம் எழுதிக் கொடுத்துவையுங்கள். மகளைக் காட்டுக்குள் அனுமதிக்க மாட்டார்கள். அவளை இந்த முறை தெப்பக்காட்டுக்கு அழைத்துப் போய், மாலைக் கவளத்தின்போது யானையின் பின்பக்கம் தெரியும் இடமாகப் பார்த்து நிற்க வைத்து, விழும் உருண்டையில் நார் எவ்வளவு நீளம் என்று தடுப்புக்கு வெளியிலிருந்தே பார்க்கச் சொல்லுங்கள். முதலில் முகம் சுளிப்பாள்.